வாயை மட்டும் அசை!

நான் ஆறாம் வகுப்பு படிக்கும்போது ஆண்டு விழா சேர்ந்திசைக்கு ஆள் எடுத்தார்கள். தேர்வு முறை ரொம்ப சிம்பிள். உயரம். மேடையில் மூன்று வரிசை வேண்டும். நடு வரிசைக்கு ஏற்ற உயரத்தில் நான் இருந்தேன். என் சங்கீதத் தகுதி அவ்வளவுதான்.

ஒத்திகையின் மூன்றாம் நாள், பாட்டு டீச்சர் ஒவ்வொருவர் வாய்க்குப் பக்கத்திலும் காதை வைத்துக் கேட்டபடி வரிசையில் நடந்து வந்தார். என்னிடம் வந்ததும் நின்றார். இன்னொரு தடவை கேட்டார். பிறகு தோளில் கை வைத்துச் சொன்னார். திட்டவெல்லாம் இல்லை, ரொம்பப் பிரியமாகத்தான். “கண்ணா, நீ வாயை மட்டும் அசை. போதும்.”

அசைத்தேன். விழா அன்றைக்கும் அசைத்தேன். பவுடர், பொட்டு, இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டை எல்லாம் இருந்தது. சத்தம் மட்டும் இல்லை. திரும்பி வரும்போது பஸ்ஸில் அம்மா சொன்னாள்: “அத்தனை பேர் நடுவுலயும் உன் குரல் தனியாக் கேட்டுதுடா.”

முப்பது வருஷத்துக்கு மேல் ஆகிறது. அம்மாவிடம் இன்னும் உண்மையைச் சொல்லவில்லை. இந்த வார இதழை வீட்டில் எங்காவது ஒளித்து வைக்க வேண்டும்.

*

இந்தப் பழைய கணக்கைத் திறக்க வைத்தது ஒரு சினிமா. வெஸ் ஆண்டர்சன் 2012இல் எடுத்த ‘மூன்ரைஸ் கிங்டம்’. பன்னிரண்டு வயசுப் பையனும் பெண்ணும் வீட்டைவிட்டு ஓடிப்போகிற கதை. இருவரும் முதலில் சந்திப்பது ஒரு சர்ச்சில், இசை நாடகம் நடந்துகொண்டிருக்கும்போது. அந்தப் பெண் அண்டங்காக்கை வேஷத்தில் இருக்கிறாள். சுற்றிலும் மிருகங்களாகவும் பறவைகளாகவும் வேஷம் கட்டிய பொடிசுகள். அந்த இசையில் வழக்கமான ஆர்க்கெஸ்ட்ராவின் பளபளப்பு இல்லை. கொஞ்சம் கரகரப்பு, கொஞ்சம் தடுமாற்றம், நிறைய உற்சாகம். இது என்ன என்று தேடிக்கொண்டு போனேன்.

ஆங்கில இசையமைப்பாளர் பெஞ்சமின் பிரிட்டன் எழுதியது. பெயர் ‘நோயிஸ் ஃப்ளட்’. பயப்படாதீர்கள், நோய்க்கும் இதற்கும் சம்பந்தமில்லை. நோவாவின் பிரளயம் என்பதைப் பழைய ஆங்கிலத்தில் அப்படி எழுதியிருக்கிறார்கள். இயக்குநர் ஆண்டர்சனே சின்ன வயசில் இந்த நாடகத்தில் பங்கெடுத்தவராம். படம் எடுக்கும் வயசு வரைக்கும் அது அவரை விடவில்லை. குழந்தையாக இருக்கும்போது கேட்ட கச்சேரி எத்தனை பேருக்கு அப்படி ஞாபகம் இருக்கும்? இங்கே வித்தியாசம், அவர் அதைக் கேட்கவில்லை. அதற்குள் இருந்தார்.

என் கேள்வி இதுதான். பெரிய ஆர்க்கெஸ்ட்ராக் கச்சேரிக்குக் குழந்தைகளைக் கூட்டிக்கொண்டு போகிறோம். அவர்களை என்ன செய்வது? சும்மா உட்கார வைப்பதா, பாட வைப்பதா, வாசிக்கவும் வைப்பதா? இந்த மூன்று படிகளையும் பிரிட்டன் என்ற ஒரே ஆள் 12 வருஷத்தில் ஏறியிருக்கிறார். 1946, 1949, 1958. ஒவ்வொன்றாகப் பார்க்கலாம்.

*

முதல் படி, கேட்பது.

1946இல் வெளிவந்த, ‘இசைக்கருவிகள் அறிமுகம்’ என்ற ரீதியிலான ஒரு கல்விப் படத்துக்காக பிரிட்டன் இசை எழுதினார். ‘தி யங் பெர்சன்ஸ் கைடு டு தி ஆர்க்கெஸ்ட்ரா’ என்று உலகம் முழுக்கப் பிரபலம். 17ஆம் நூற்றாண்டு இசையமைப்பாளர் ஹென்ரி பர்செல் போட்ட ஒரு மெட்டை எடுத்துக்கொள்கிறார். முதலில் மொத்த ஆர்க்கெஸ்ட்ராவும் வாசிக்கும். அப்புறம் குடும்பம் குடும்பமாக: மரக்குழல்கள், பித்தளைக் குழல்கள், தந்திகள், தாளக் கருவிகள். அப்புறம் ஆள் ஆளாக. புல்லாங்குழல், ஓபோ, கிளாரினெட் என்று ஒவ்வொருவரும் முன்னால் வந்து முகம் காட்டிவிட்டுப் போவார்கள். கடைசியில் அதே வரிசையில் ஒவ்வொன்றாக ஓடி வந்து சேர்ந்துகொள்ள, அந்த அமளிக்கு மேலே பழைய மெட்டு கம்பீரமாகத் திரும்பி வரும். கல்யாண வீட்டில் சொந்தக்காரர்களை ஒவ்வொருவராக அறிமுகப்படுத்திவிட்டு, முடிவில் எல்லோரையும் ஒரே ஃபோட்டோவில் நிறுத்துவதுபோல.

அற்புதமான இசை. குறை சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் அதில் குழந்தையின் வேலை என்ன? கேட்பது. புரிந்துகொள்வது. முடிந்ததும் கை தட்டுவது. கிட்டத்தட்ட நல்ல வகுப்பறை.

இந்த வகுப்பறைக்கு உலகத்திலேயே சிறந்த வாத்தியார் லெனர்ட் பெர்ன்ஸ்டைன். நியூயார்க் ஃபில்ஹார்மோனிக்குடன் அவர் நடத்திய ‘இளைஞர் கச்சேரிகள்’ 1958 ஜனவரியில் ஆரம்பித்து 1972 வரை, 53 நிகழ்ச்சிகள், சி.பி.எஸ். டி.வி.யில் வந்தன. முதல் நிகழ்ச்சியின் தலைப்பே, இசைக்கு என்ன அர்த்தம் என்ற கேள்வி. ரோசினியின் ‘வில்லியம் டெல்’ முன்னிசையை வாசித்துக் காட்டுகிறார். பசங்களுக்கு அது ‘லோன் ரேஞ்சர்’ என்ற கெளபாய் தொடரின் டைட்டில் மியூசிக். சந்தோஷத்தில் கூச்சல் போடுகிறார்கள். பெர்ன்ஸ்டைன் சிரித்துக்கொண்டே, இது குதிரைக்காரனைப் பற்றியதும் இல்லை, எதைப் பற்றியதும் இல்லை, ஸ்வரங்களைப் பற்றியது என்று விளக்க ஆரம்பிக்கிறார்.

இன்றைக்கும் பார்க்கலாம், பிரமாதமாக இருக்கும். நானே சோனாட்டா என்றால் என்னவென்று அவரிடம்தான் கற்றுக்கொண்டேன். ஆனால் கேமரா பசங்கள் பக்கம் திரும்பும்போது கவனியுங்கள். கோட், டை போட்ட குட்டிப் பையன்கள். ஒருத்தன் வாயைப் பிளந்து பார்க்கிறான். பக்கத்தில் ஒருத்தன் கொட்டாவி விடுகிறான். சங்கீதம் அவர்களுக்காக நடக்கிறது. அவர்களால் நடக்கவில்லை.

*

இரண்டாம் படி, பாடுவது.

1949இல் ஆல்ட்பரோ என்ற கடலோரச் சிற்றூரில் பிரிட்டன் ‘ஒரு ஆப்பரா செய்வோம்’ என்று ஒரு நிகழ்ச்சி போட்டார். அந்த ஊரில் அதற்கு முந்தின வருஷம்தான் அவரும் நண்பர்களும் ஓர் இசை விழாவை ஆரம்பித்திருந்தார்கள். நிகழ்ச்சி இரண்டு பாகம். முதல் பாகத்தில் சிலர் சேர்ந்து ஓர் ஆப்பராவைத் தயார் செய்கிறார்கள். சும்மா நாடகம்தான். இரண்டாம் பாகத்தில் அந்த ஆப்பரா நடக்கிறது. புகைபோக்கி சுத்தம் செய்ய விற்கப்பட்ட ஒரு சின்னப் பையனை, வீட்டுக் குழந்தைகள் ஒளித்து வைத்துத் தப்பிக்க வைக்கிற கதை.

இதில் பிரிட்டன் வைத்த பொடி, சேர்ந்திசை மேடையில் இல்லை. டிக்கெட் வாங்கி உட்கார்ந்திருக்கிற நீங்களும் உங்கள் பிள்ளைகளும்தான் சேர்ந்திசை. நடத்துநர் பார்வையாளர்கள் பக்கம் திரும்பி, நாலு பாட்டுகளைச் சொல்லிக்கொடுத்து ஒத்திகை பார்க்கிறார். அதில் ஒன்று இரவுப் பாட்டு. அரங்கத்தை நாலாகப் பிரித்துவிடுவார்கள். ஒரு கூட்டம் ஆந்தை, ஒரு கூட்டம் கொக்கு, ஒரு கூட்டம் புறா, இன்னொரு கூட்டம் ஒரு குட்டிப் பாட்டுப் பறவை. ஒவ்வொரு கூட்டத்துக்கும் தனித்தனி குரல்.

விளையாட்டு மாதிரி தெரிகிறதல்லவா? விளையாட்டேதான். ஆனால் கூர்ந்து பாருங்கள். நம்மூர் மெல்லிசை மேடையில், “லெஃப்ட் சைடுல சத்தமே வரலியே... ரைட் சைடு கத்துங்க பார்க்கலாம்!” என்பார்களே, அது இல்லை. அங்கே இடது பக்கம் கத்தினாலும் கத்தாவிட்டாலும் பாட்டு பாட்டுக்கு நடக்கும். இங்கே ஆந்தைகள் பாடாவிட்டால் அந்த இடத்தில் வெறும் மெளனம். அந்த வரி வேறு யாருக்கும் எழுதப்படவில்லை.

நான் பி.காம். சங்கீத விமர்சனத்துக்கு எனக்கு லைசென்ஸ் கிடையாது. ஆனால் ஒரு விஷயம் சொல்லிக்கொடுத்தார்கள். கணக்கில் ஒரு பதிவு நிஜமா போலியா என்று பார்க்க வேண்டுமா? அதை எடுத்துவிட்டு மறுபடி கூட்டிப் பார். அப்போதும் பேலன்ஸ் ஷீட் டாலி ஆனால், அந்தப் பதிவு சும்மா இடத்தை அடைத்துக்கொண்டிருந்தது என்று அர்த்தம். குழந்தைகள் பங்கேற்கிற எந்தக் கச்சேரிக்கும் இந்த ஒரு சோதனை போதும். அவர்களை எடுத்துவிட்டால் இசை உதைக்கிறதா, இல்லையா?

*

மூன்றாம் படிக்கு வருகிறேன். இங்கே கொஞ்சம் நின்று பேச வேண்டும்.

1958 ஜூன் 18. பெர்ன்ஸ்டைன் நியூயார்க்கில் ஆரம்பித்து ஐந்து மாசம். இங்கிலாந்தின் சஃபோக் பிரதேசத்தில் ஆர்ஃபோர்டு என்ற ஊரின் பழைய சர்ச். நோவா நாடகத்தின் முதல் அரங்கேற்றம்.

கதை வசனம் பிரிட்டனுடையது இல்லை. செஸ்டர் நகரத்தில் 15, 16ஆம் நூற்றாண்டுகளில் தெருவில் நடத்தப்பட்ட பைபிள் நாடகங்களில் ஒன்று. வண்டியையே மேடையாக்கி, ஒவ்வொரு தொழில் செய்கிறவர்களும் ஒவ்வொரு கதையைப் போடுவார்கள். நோவா கதை யாருக்குக் கொடுக்கப்பட்டது தெரியுமோ? டீ என்ற ஆற்றிலிருந்து தண்ணீர் எடுத்து ஊருக்குச் சுமந்தவர்களுக்கு. பிரளயத்தைத் தண்ணீர்க்காரர்களிடம் ஒப்படைத்த அந்தக் குசும்பு எனக்குப் பிடித்திருக்கிறது. அதாவது ஆரம்பத்திலிருந்தே இது தொழில்முறைக் கலைஞர்களின் சரக்கு இல்லை. ஊர்க்காரர்களின் கூத்து. பிரளயம் வரப்போகிற நேரத்திலும் நோவாவின் மனைவி கப்பலில் ஏற மாட்டேன் என்று தோழிகளோடு குடித்துக்கொண்டு வம்பு பேசுவாள். மகன்கள் குண்டுக்கட்டாகத் தூக்கிக்கொண்டு போய் ஏற்றுவார்கள்.

பிரிட்டனின் ஏற்பாட்டில் பெரியவர்கள் நோவா, அவர் மனைவி, கடவுளின் குரல், அவ்வளவுதான். மேடையில் மிச்சம் எல்லாமே பசங்கள். முதல் அரங்கேற்றத்தில் நோவாவின் மகன்களில் ஒருவனாகப் பாடிய பையன், பின்னாளில் லண்டன் மேடையில் ‘ஃபேன்டம் ஆஃப் தி ஆப்பரா’வாக 1986இல் புகழ்பெற்ற மைக்கேல் கிராஃபோர்டு.

ஆனால் நான் சொல்ல வந்தது நடிகர்களைப் பற்றி இல்லை, வாத்தியக்காரர்களைப் பற்றி. ஒரு கைப்பிடி தொழில்முறைக் கலைஞர்கள் நடுவில் இருப்பார்கள். தந்திக் கருவிகளுக்கு ஐந்து பேர், பியானோவுக்கு இரண்டு பேர், ஆர்கன், டிம்பனி, ஒரு குழல். அவர்களைச் சுற்றிக் குழந்தைகளின் பெரிய ஆர்க்கெஸ்ட்ரா. எப்படிப்பட்ட குழந்தைகள்? மேதைகளா? இல்லை. பக்கத்துப் பள்ளிக்கூடத்துக் குழந்தைகள்.

வயலினை மூன்று கட்சியாகப் பிரிக்கிறார். முதல் கட்சிக்குச் சுமாராக வாசிக்கத் தெரிந்திருக்க வேண்டும். கை மேலே கீழே நகரலாம். இரண்டாம் கட்சிக்குக் கை ஒரே இடத்தில் இருந்தால் போதும். மூன்றாம் கட்சி இருக்கிறதே, அது நேற்று வயலின் வாங்கிய கட்சி. அவர்களுக்குப் பெரும்பாலும் இடது கை விரலுக்கு வேலையே இல்லை. தந்தியை அப்படியே வில்லால் இழுக்க வேண்டியதுதான். அதற்கு ஏற்ற மாதிரி வரி எழுதியிருக்கிறார்.

ப்யூகிள் என்ற ஊதுகுழலைப் பார்த்திருப்பீர்கள். என்.சி.சி. பரேடில் ஊதுவார்கள். அதில் விரல் வைக்கப் பொத்தான் கிடையாது. உதட்டாலேயே நாலைந்து ஸ்வரம்தான் வரும். பிரிட்டன் அந்த நாலைந்தையே வைத்து ஓர் அணிவகுப்பு செய்கிறார். ப்யூகிள் முழங்க, மிருகங்கள் ஜோடி ஜோடியாகப் பார்வையாளர்களுக்கு நடுவே நடந்து வந்து கப்பலில் ஏறுகின்றன. அந்த இடத்தில் பொத்தான் வைத்த ட்ரம்பெட்டைக் கொண்டுவந்து வாசித்தால் சரியாக இருக்காது. குறை, அங்கே குணமாகிவிட்டது.

அதைவிட அழகு, மழை.

பிரளயத்தின் முதல் துளிகள் எப்படிக் கேட்க வேண்டும்? பீங்கான் கோப்பைகளைத் தட்டினால் நன்றாக இருக்கும் என்று பிரிட்டனுக்கு ஒரு யோசனை. எப்படிச் செய்வது என்று தெரியவில்லை. அவருடைய உதவியாளர் இமோஜன் ஹோல்ஸ்டிடம் கேட்கிறார். ‘ப்ளானெட்ஸ்’ எழுதிய குஸ்டாவ் ஹோல்ஸ்டின் மகள். போர்க்காலத்தில் கிராமத்துப் பெண்கள் சங்கங்களுக்குத் தாளம் சொல்லிக்கொடுத்தவர். அந்த அனுபவம் கைகொடுத்தது. அவரைச் சமையலறைக்குக் கூட்டிக்கொண்டு போய், ஒரு கயிற்றில் டீ கோப்பைகளைக் கைப்பிடியில் கோத்து வரிசையாகத் தொங்கவிட்டு, மரக்கரண்டியால் தட்டிக் காட்டினார். டிங். பெரிய கோப்பைக்கு ஒரு சுரம், சின்னதற்கு இன்னொன்று. நம் ஜலதரங்கத்துக்குத் தூரத்துச் சொந்தம். ஆனால் ஜலம் இல்லை. தண்ணீரே இல்லாத கோப்பையில் மழை!

உலகத்தின் தலைசிறந்த இசையமைப்பாளர்களில் ஒருவர், தன் பெரிய இசையின் மையக் காட்சிக்குச் சமையலறையில் கருவி தேடுகிறார். ஏன்? எந்தப் பயிற்சியும் இல்லாத குழந்தைக்கும் கரண்டி பிடிக்கத் தெரியும்.

புயல் காட்சியைக் கேளுங்கள். கீழே ஒரே அடிவரி திரும்பத் திரும்ப வந்துகொண்டிருக்கும். அதன்மேல் முதலில் கோப்பைத் துளிகள். அப்புறம் குழல்களில் காற்று. தாளக் கருவிகளில் இடி. தந்திகளில் அலை. கப்பல் ஆடுகிறது. மிருகங்கள் மிரளுகின்றன. சத்தம் உச்சத்துக்குப் போகும்போது கப்பலுக்குள் இருப்பவர்கள் ஒரு பாமாலைப் பாட்டை ஆரம்பிக்கிறார்கள். கடலில் ஆபத்தில் இருப்பவர்களுக்காக சர்ச்சில் பாடுகிற பிரார்த்தனைப் பாட்டு. அங்கே உட்கார்ந்திருந்த ஒவ்வொருவருக்கும் மனப்பாடம். அதுவரை வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்த அப்பா, அம்மா, தாத்தா, பாட்டி எல்லோரும் எழுந்து அதில் சேர்ந்துகொள்கிறார்கள். அந்த நிமிஷம் சர்ச்சே கப்பல் ஆகிவிடுகிறது. பார்வையாளர் என்று ஒருத்தரும் மிச்சமில்லை.

அப்புறம் எல்லாம் ஒவ்வொன்றாக அடங்கும். அலை, இடி, காற்று. கடைசியில் மறுபடி கோப்பை. டிங். டிங். நின்றுவிடும்.

மரக்கரண்டி வைத்திருக்கிற குழந்தையை எடுத்துவிட்டால், மழை தொடங்கவும் தொடங்காது, நிற்கவும் நிற்காது. டாலி ஆகாது.

கென்னத் கிளார்க் என்ற புகழ்பெற்ற கலை விமர்சகர், பி.பி.சி.யில் ‘சிவிலைஸேஷன்’ தொடர் செய்தவர், சின்ன வயசில் இதே ஆர்ஃபோர்டு சர்ச்சில் எத்தனையோ மணி நேரம் எதற்கோ காத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தவர். காத்திருந்தது கடைசியில் இந்த நாடகத்தில்தான் கிடைத்தது என்று பின்னாளில் எழுதினார்.

*

குறையே இல்லையா? உண்டு. அந்தப் பாமாலைப் பாட்டு எல்லோருக்கும் தெரிந்திருந்தால்தான் அந்த மாயம் நடக்கும். 1958இல் சஃபோக் கிராமத்தில் தெரிந்திருந்தது. சர்ச்சுக்குப் போகாத தலைமுறைக்கு, கையில் அச்சடித்த தாளைக் கொடுத்துப் பாடச் சொல்ல வேண்டியிருக்கும். தாளைப் பார்த்துப் பாடுவது வேறு, தானாக வாயில் வருவது வேறு. மார்கழி பஜனையில் வளர்ந்தவர்களுக்கு நான் சொல்வது புரியும். பிரிட்டனின் வெற்றியில் பாதி, அந்த ஊர் ஏற்கெனவே பாடிக்கொண்டிருந்தது என்பதில் இருக்கிறது.

இன்னொரு கேள்வி சங்கீத நண்பர் ஒருவர் கேட்டது. “எல்லாம் சரிய்யா, ஸ்ருதி?”

நியாயமான கேள்வி. 1961இல் அதே ஆர்ஃபோர்டு சர்ச்சில் நார்மன் டெல் மார் நடத்திப் பதிவு செய்த இசைத்தட்டு இருக்கிறது. ‘மூன்ரைஸ் கிங்டம்’ படத்தில் கேட்பது அதுதான். பசங்களின் வயலின் அங்கங்கே முன்னே பின்னே இருக்கும். மறைக்கவில்லை. ஆனால் ஒன்று யோசித்துப் பாருங்கள். மூன்றாம் வயலின் வரியை லண்டனின் தலைசிறந்த வித்வானிடம் கொடுத்தால் சுத்தமாக வாசிப்பார். சப்பென்று இருக்கும். காலித் தந்தியை இழுப்பதில் அவருக்கு என்ன ஆபத்து? அந்தக் குழந்தைக்கு அது ஆபத்து. எண்ணிக்கொண்டே இருக்கிறது, தன் முறை வருகிறது, கை நடுங்குகிறது, இழுக்கிறது. அந்த நடுக்கம் இசைக்குள் கேட்கிறது. பிரளயத்தில் மாட்டிக்கொண்டவர்களின் கதைக்கு அதைவிடப் பொருத்தமான ஸ்ருதி எது?

இதைச் சாக்காக வைத்து எல்லா அபஸ்வரத்தையும் ஆசீர்வதிக்கக் கூடாது. பிரிட்டன் கறாரான ஆள். தப்பு வந்தாலும் பரவாயில்லை என்று அவர் விடவில்லை. குழந்தையால் சரியாகச் செய்ய முடிகிறதை மட்டும் கேட்டார். கேட்டதைச் சரியாகச் செய்யச் சொன்னார். ‘ஏதோ பசங்க, பாவம்’ என்ற சலுகை அதில் இல்லை. அதுதான் மரியாதை.

*

இன்றைக்கு நிலைமை என்ன?

குழந்தைகள் வராவிட்டால் நாளைக்கு டிக்கெட் வாங்க ஆளிருக்காது என்ற பயம் உலகத்தின் எல்லா ஆர்க்கெஸ்ட்ராக்களுக்கும் உண்டு. அதனால் பங்கேற்பு, பங்கேற்பு என்று எல்லோரும் சொல்கிறார்கள். பெரும்பாலும் அது கை தட்டலில் முடிகிறது. வியன்னா புத்தாண்டுக் கச்சேரியின் கடைசியில் ‘ராடெட்ஸ்கி மார்ச்’ வாசிக்கும்போது நடத்துநர் ரசிகர்கள் பக்கம் திரும்பி, இங்கே மெதுவாக, இங்கே பலமாக என்று தட்ட வைப்பார். ஜாலியான விஷயம்தான். ஆனால் என் சோதனையில் ஃபெயில். தட்டாவிட்டாலும் ஸ்ட்ராஸ் பத்திரமாக இருப்பார்.

சீரியஸாகச் செய்கிறவர்களும் இருக்கிறார்கள். நியூயார்க் கார்னெகி ஹால் பல வருஷங்களாக நடத்தும் ‘லிங்க் அப்’ என்ற திட்டம். மூன்றாம் வகுப்பிலிருந்து ஐந்தாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு. ரெக்கார்டர் என்ற நேர்குழல், நம்மூர் டேப் ரெக்கார்டர் இல்லை, பிளாஸ்டிக்கில் சல்லிசாகக் கிடைப்பது. அதில் மூன்று ஸ்வரத்தில் ஆரம்பித்து வகுப்பில் மாசக்கணக்கில் டீச்சர் சொல்லிக்கொடுக்கிறார். கடைசியில் கச்சேரி. குழந்தைகள் மேடைக்குப் போவதில்லை. சீட்டில் உட்கார்ந்தபடியே குழலை எடுத்து, மேடையிலிருக்கிற ஆர்க்கெஸ்ட்ராவோடு சேர்ந்து வாசிக்கிறார்கள், பாடுகிறார்கள். ‘ப்ளூ டான்யூப்’, பேத்தோவனின் ஒன்பதாவது சிம்பனியின் ஆனந்தப் பாட்டு மாதிரி. அமெரிக்காவிலும் வெளிநாடுகளிலும் நிறைய ஆர்க்கெஸ்ட்ராக்கள் இதை எடுத்து நடத்துகின்றன.

சோதனையில் வைத்துப் பார்த்தேன். பாஸா, ஃபெயிலா? பாதி பாதி. அந்தக் குழல்களை எடுத்துவிட்டால் பேத்தோவன் ஒன்றும் ஆடிப்போக மாட்டார். குழந்தைகள் வாசிப்பது பெரும்பாலும் ஆர்க்கெஸ்ட்ரா ஏற்கெனவே வாசிக்கிற மெட்டைத்தான். அந்த அளவில் அது அலங்காரம். ஆனால் இந்தத் திட்டத்துக்கென்றே தாமஸ் கபானிஸ் என்ற இசையமைப்பாளர் எழுதிய பாட்டுகளும் உண்டு. அங்கே குழந்தைகளின் இடம் காலியாக இருந்தால் தெரியும். தவிர, கைதட்டலுக்கும் இதற்கும் ஒரு பெரிய வித்தியாசம் இருக்கிறது. கைதட்டலை அந்த நிமிஷம் கற்றுக்கொள்கிறோம், அந்த நிமிஷம் மறக்கிறோம். இந்தக் குழந்தை வீட்டில், படுக்கையறையில், பக்கத்து வீட்டுக்காரர் கதவைத் தட்டும்வரை அதே மூன்று ஸ்வரத்தை ஊதிவிட்டு வந்திருக்கிறது. அதன் முறை வரும்போது அது சும்மா உட்கார்ந்திருக்காது. எண்ணிக்கொண்டிருக்கும். எண்ணத் தெரிந்த காதுதான் கேட்கத் தெரிந்த காது.

பெர்ன்ஸ்டைன் சொல்லிப் புரிய வைத்ததை, இங்கே குழந்தை விரலில் வாங்கிக்கொள்கிறது. நான் பெர்ன்ஸ்டைனை விட்டுக்கொடுக்க மாட்டேன். ஆனால் இரண்டில் ஒன்றுதான் என் பெண்ணுக்கு என்றால், குழலைத்தான் கேட்பேன்.

*

என் பெண் என்றதும் ஞாபகம் வருகிறது. சமீபத்தில் அவள் பள்ளியில் ஆண்டு விழா. சேர்ந்திசையில் இருந்தாள். எண்பது குழந்தைகள், ஒரே மாதிரி பட்டுப்பாவாடை, குர்தா. பாட்டு ஆரம்பித்தது. அடேங்கப்பா, என்ன சுத்தம்! ஸ்ருதி இம்மி பிசகவில்லை. வீணை, வயலின், கீபோர்டு எல்லாம் எங்கிருந்தோ கேட்கிறது. மேடையில் ஒரு வாத்தியத்தையும் காணோம். பக்கத்தில் உட்கார்ந்திருந்த மனைவியிடம், “பரவாயில்லையே, நல்லாப் பாடுறாங்க” என்றேன். அவள் என்னைப் பரிதாபமாகப் பார்த்தாள். “பென் டிரைவ்ங்க.”

ஸ்டூடியோவில் யாரோ பாடி வாங்கிவந்த பாட்டு. குழந்தைகள் எண்பது பேரும் வாயை மட்டும் அசைத்துக்கொண்டிருந்தார்கள்.

என் காலத்தில் ஒருத்தன்தான் அசைத்தான். இப்போது ஜனநாயகம். எல்லோரும் அசைக்கிறார்கள். அந்தக் காலத்து டீச்சராவது ஒவ்வொரு வாயாகக் காது வைத்துக் கேட்டுவிட்டுத்தான் என்னை நிறுத்தினார். இங்கே கேட்கவே இல்லை. பெற்றோர்கள் செல்ஃபோனில் வீடியோ எடுத்துக்கொண்டிருந்தோம். நானும்தான்.

என் டீச்சர் மேல் எனக்குக் கோபம் இல்லை. அவருக்கு முன்னால் ஒரு பாட்டு இருந்தது, அதை நான் கெடுத்துக்கொண்டிருந்தேன். பையனுக்கு ஏற்ற மாதிரி ஒரு வரி எழுதிச் சேர்க்கலாம் என்று அவருக்கு யாரும் சொல்லிக்கொடுத்திருக்க மாட்டார்கள். பிரிட்டன் செய்ததெல்லாம் அதுதான். பாட்டுக்குக் குழந்தையைப் பொறுக்காமல், குழந்தைக்குப் பாட்டை எழுதினார். ஆர்ஃபோர்டாக இருந்திருந்தால் என்னை மூன்றாம் வயலினில் போட்டிருப்பார்கள். அதற்கும் லாயக்கில்லை என்றால், இருக்கவே இருக்கிறது கயிற்றில் கோத்த கோப்பை.

விழா முடிந்து காரில் வரும்போது பெண்ணிடம் சொல்ல ஒன்றும் தோன்றவில்லை. “உன் குரல் தனியாக் கேட்டுது” என்று சொல்ல வாய் வந்தது. சொல்லவில்லை. வீட்டுக்கு வந்ததும் சமையலறையில் நாலு டீ கோப்பையை எடுத்து, கொடிக் கயிற்றில் கட்டித் தொங்கவிட்டு, தோசைமாவு கலக்குகிற மரக்கரண்டியை அவள் கையில் கொடுத்தேன்.

தட்டினாள். டிங்.

“என்னங்க அங்கே சத்தம்?” என்றாள் மனைவி, ஹாலிலிருந்து.

“மழை” என்றேன்.